ஒருபெயர் கொண்டார் பலரை வேறுபிரித்தறிதல்
(சைவபாடசாலை ஆசிரியர்களுக்கு ஒரு பாடம்)

வகுப்பின் வரவுப் பதிவேட்டைத் திறந்து பெயர் கூப்பிடும் உபாத்தியாயர், ஒரே பெயருடைய மாணாக்கர் இருவர் இருப்பின் யாது செய்தல் வேண்டும் என்று எவரிடமும் கேட்பதில்லை. கண்டி நகரை அடுத்த அம்பிட்டியவிலே யாம் கற்பிக்கும் பாடசாலையில் அத்தகைய இருவர் ஒருகாற் பயின்றனர். ஒருவனைத் தந்தை பெயர் கூட்டியும், மற்றவனை அவன் குடியிருந்த தோட்டத்தின் பெயர் கூட்டியும் அழைத்தோம். தோட்டங்களிலே பிரட்டுக்களத்திற் பெயர் கூப்பிடும் கணக்கப்பிள்ளையும் அவ்வாறே செய்வர். செக்றோலில் ஒரு பெயரினர் பலராயின், அவரவர்க்குரிய இலக்கத்தைக் கண்டே கொழுந்தின் நிறையைப் பதிவர். ஒருத்தி பறித்த கொழுந்தை அதே பெயருடைய மற்றொருத்தியின் கணக்கிற் பதிந்துவிடின், வெயிலிலும் மழையிலும் உழைத்தவள் தன் கூலியை இழப்பாள். உழையாதவள் தனக்குரியதல்லாத பொருளைப் பெறுவாள். பெயர் சரியே, கணக்கோ பிழை.

இவ்வளவு கவனத்தை நாம் உயிரோடிருப்பார் திறத்திற் கொள்ளுகின்றோம். நம் அடியார் திறத்திலும் புலவர் திறத்திலும் கொள்ளுகின்றோமா என்பதே ஈண்டு ஆராயப்படுவது. ஔவையார் ஒருவரே, நக்கீரர் ஒருவரே, பட்டினத்தார் ஒருவரே என்று கற்பித்துவிட்டு, பல நூற்றாண்டு இடையிட்ட நூல்களையெல்லாம் அவ்வொருவர் தலையிற் சுமத்துதல் நம்மவருட் பலரிடத்தும் காணப்படும் வழக்கம். பிறரைக் குறைகூறுமுன் எம் பிழையை எடுத்துரைத்தல் முறையாகும்.

யாம் ஆசிரியத் தொழிலை மேற்கொண்ட புதிதிலே பாடசாலை விழாவொன்றின் பொருட்டுத் திருநீலகண்ட நாயனார் சரிதத்தை ஒரு சிறு நாடகமாக எழுதிச் சிறுவரைக் கொண்டு நடிப்பித்தோம். யாம் பயின்றது பாதிரிமார் நிறுவிய பாடசாலையிலே. பெரியபுராணத்தை முறையாகக் கேட்டதில்லை. சிறு வசனப் புத்தகமொன்றைப் பார்த்ததும், அங்குமிங்குங் கேட்டதுமே எமது மூலதனம். ஆதலால், தில்லையில் ஓடு வனைந்த நாயனார் கையில் ஒரு யாழையுங் கொடுத்து, அவர் இசைபாடி இறைவனை மகிழ்விப்பதாக ஒரு காட்சியும் அமைத்துவிட்டோம். வந்திருந்தோர் கைகொட்டினர். அதிகாரிகளும் பாராட்டினர். யாமும் உள்ளங் குளிர்ந்து நின்றோம்.

எல்லாரும் சென்றபின், அயலிலுள்ள தோட்டத்து லயத்திலிருந்து பேரனைப் பார்க்க வந்த முதியவர் ஒருவர் எம்மை அணுகி, தலைப்பாகையைக் கையில் எடுத்துக்கொண்டு, "வாத்தியாரையா, நாடகம் ரொம்ப நல்லா இருந்துச்சுங்க. ஆனா அந்த யாழு குயவனாரோடது இல்லீங்களே. அது பாணரோடதுங்க. இந்தப் புள்ளைங்க இப்படியே படிச்சா, பாணருன்னு ஒருத்தர் இருந்ததே மறந்துபோயிடுமுங்களே" என்றார். "பெரியவரே, இதனை எங்கே கற்றீர்?" என்று வினாவினோம். "படிக்கலீங்க. கோயில்ல புராணம் வாசிக்கையில கேட்டதுங்க" என்று விடைகூறி, பேரன் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தார்.

அன்றிரவு எமக்கு உறக்கம் வரவில்லை. யாம் ஒரு பெயரிற் பிழைத்தோம் அல்லேம். ஓரடியாரை இல்லாமலே செய்துவிட்டோம். மறுநாட் காலை மாணாக்கர் அனைவர் முன்னும் எமது பிழையை எடுத்துக் கூறினோம். அடுத்த ஆண்டு விழாவிலே பாணனார் சரிதம் தனியே நடிக்கப்பட்டது. அம்முதியவர் சுட்டிய வேறுபாட்டை இனி விளக்குவாம்.

பெரியபுராணத்திலே மாணாக்கரை மயக்கும் பெயர்கள் மூன்று உள்ளன.

முதலாமவர் திருநீலகண்ட நாயனார். இவர் தில்லைநகரிற் பிறந்த குயவர். அடியார்க்குத் திருவோடு வனைந்து கொடுத்தவர். மனைவியார் திருநீலகண்டத்தின்மேல் ஆணையிட்டுத் தம்மைத் தீண்டாதீர் என்று தடுக்க, அவ்வாணையை முதுமை வருங்காறும் காத்தவர். இறைவர் சிவயோகியாராய் வந்து ஓடு ஒன்றைக் கொடுத்து, பின் அதனை மறைத்து, வழக்குத் தொடுத்தபோது, தண்டொன்றின் இருதலையையும் இருவரும் பற்றிக் குளத்தில் மூழ்கி இளமை பெற்றனர்.

இரண்டாமவர் திருநீலகண்ட யாழ்ப்பாண நாயனார். நடுநாட்டுத் திருவெருக்கத்தம்புலியூரிலே பெரும்பாணர் குடியிற் பிறந்தவர். மனைவியார் மதங்கசூளாமணியார். ஆலவாய்ப் பெருமான் பொற்பலகையிட்டுச் சிறப்பித்த இவர், சீகாழியை அடைந்து, திருஞானசம்பந்த சுவாமிகள் பாடிய திருப்பதிகங்களை யாழிலிட்டு வாசிக்கும் பேறு பெற்றார். தருமபுரத்திலே சுற்றத்தார் பதிகத்தின் பெருமையை இவர் யாழின்மேல் ஏற்றிப் பேச, அது பொறாராய், யாழிலடங்காப் பதிகம் பாடும்படி பிள்ளையாரை வேண்டினார். பிள்ளையார் அவ்வாறே பாடியருள, யாழை முறிக்க ஓங்கினார், பிள்ளையார் தடுத்தருளினார். பதிகம் செய்தவர் வேறு, அதனை யாழில் வாசித்தவர் வேறு என்பதை மறவாதே நின்ற பெருந்தகை இவர்.

மூன்றாமவர் திருநீலநக்க நாயனார். சாத்தமங்கையில் வாழ்ந்த அந்தணர். சிலந்தி விழுந்த சிவலிங்கத்தை மனைவியார் வாயால் ஊதியதைக் கண்டு வெகுண்டவர். பின்பு கனவிலே இறைவர் உணர்த்த உண்மை தெளிந்தவர். பிள்ளையார் இவர் மனைக்கு எழுந்தருளியபோது பாணனாரும் மனைவியாரும் உடன்வந்தனர். அவர்களை வேதிகையின் அருகே தங்கச் செய்தார். அதாவது, மேலே கூறிய இருவரும் ஒரு கூரையின் கீழ்த் தங்கியவர்கள். இடமும் காலமும் ஒன்றாகிப் பெயரும் ஏறக்குறைய ஒத்துவிடின், மாணாக்கன் மயங்குதல் வியப்பன்று. ஆசிரியன் மயங்குதலே குற்றம்.

இம்மயக்கத்தை நீக்கும் வழியை நம் முன்னோர் நமக்கு முன்னரே காட்டியுள்ளனர். சுந்தரமூர்த்தி சுவாமிகள் பாடிய திருத்தொண்டத்தொகை 11 பாட்டுக்களையுடையது. அதன் முதற்பாட்டிலே தில்லைத் திருநீலகண்டரைக் கூறும்போது, பெயரோடு நில்லாது, குயவனார் என்று தொழிலையுஞ் சேர்த்துக் கூறினார். நான்காம் பாட்டிலே நீலநக்கரைச் சாத்தமங்கை என்னும் ஊரோடு கூறினார். இறுதிப்பாட்டிலே மற்றைத் திருநீலகண்டரைப் பாணனார் என்றார். மூவர்க்கும் மூன்று அடைகள், மூன்று வணக்கங்கள். பொதுப்படத் திருநீலகண்டர்க்கு அடியேன் என்று ஒருமுறை கூறி அமைந்திருப்பின், அவ்வணக்கம் யாரைச் சார்ந்ததென்று நாம் இன்றும் வழக்காடிக்கொண்டிருப்போம்.

யாம் இளமையிற் பயின்ற பாடசாலையிலே விவிலிய பாடம் கற்பித்தவர் இதனையே வேறு வகையால் உணர்த்தினார். இயேசுநாதருடைய பன்னிரு சீடருள் யாக்கோபு என்னும் பெயருடையார் இருவர். ஒருவர் செபெதேயுவின் குமாரர், மற்றவர் அல்பேயுவின் குமாரர். யூதா என்னும் பெயருடையாரும் இருவர். அவருள் ஒருவனே குருவைக் காட்டிக்கொடுத்தவன். ஆகவே யோவான் எழுதிய சுவிசேஷத்திலே மற்ற யூதா பேசுமிடத்து, இவர் காட்டிக்கொடுத்த யூதா அல்லர் என்பது தோன்ற ஒரு சொல் சேர்க்கப்பட்டிருக்கின்றது. அச்சொல் இல்லையாயின், குற்றமற்ற ஒருவர் பெரும்பழியைச் சுமந்திருப்பார். இதனைப் பரீட்சைக்காக நன்கு மனனஞ் செய்த யாம், எம் வீட்டுச் செல்வமாகிய திருத்தொண்டத்தொகையில் அதே கவனம் இருத்தலை அம்முதியவர் வாயாற் கேட்ட பின்னரே கண்டோம்.

இனி, ஒரு பெயரைக் கண்டுழி நாம் கேட்கவேண்டிய வினாக்கள் ஐந்து. ஊர் எது? குடியும் தொழிலும் யாவை? காலம் எது, அதாவது அவர் நூலினுள்ளே எந்த அரசர், எந்த அடியார், எந்த நூல் குறிக்கப்பட்டுள்ளன? செய்யுள் வகையும் சொல்வழக்கும் எக்காலத்தன? நூலைத் தொகுத்த முன்னோர் அவரை எவ்வாறு வழங்கினர்? இவ்வைந்தனுள் ஒன்றுமாத்திரம் வேறுபடின் ஐயங் கொள்ளலாம். இரண்டு மூன்று வேறுபடின் ஆள் வேறென்று துணியலாம். இவற்றைக் கொண்டு சில பெயர்களை ஆராய்வாம்.

ஔவையார்: சங்கத்து ஔவையார் தகடூர் அதியமான் நெடுமானஞ்சியின் நண்பர், அவர் பெயரால் வழங்கும் சங்கச் செய்யுள்கள் 59. ஆத்திசூடி, கொன்றைவேந்தன், மூதுரை, நல்வழி என்பன சிறுவர்க்கு நாம் கற்பிக்கும் நூல்கள். இவற்றுள் நல்வழியின் இறுதிச் செய்யுள் மூவர் தமிழையும் திருவாசகத்தையும் திருமூலர் வாக்கையும் குறிக்கின்றது. அதியமான் காலத்தில் இருந்தவர், அவனுக்குப் பல நூற்றாண்டு பிற்பட்டு எழுந்த தேவாரத்தைக் குறித்தல் எங்ஙனம் இயலும்? நூலே தன் காலத்தைச் சொல்லுகின்றது. நாம் கேளாதிருப்பதே குறை. அதியமான் ஈந்த நெல்லிக்கனியை உண்டு நெடுங்காலம் வாழ்ந்தார் என்னும் கதையைக் கொண்டு இவ்விடைவெளியை நிரப்புவர் சிலர். கதையைக் கதையாகச் சொல்லிச் சிறுவரை மகிழ்விக்கலாம். காலக்கணக்கிற்குச் சான்றாக்குதல் தகாது.

பதினோராந்திருமுறை ஆசிரியர்கள்: இத்திருமுறையிற் பன்னிருவர் அருளிய 40 பிரபந்தங்கள் உள்ளன. அவருள் நக்கீரதேவ நாயனார், கல்லாடதேவ நாயனார், கபிலதேவ நாயனார், பரணதேவ நாயனார் என்னும் நால்வர் பெயரையும் பாருங்கள். நக்கீரர், கல்லாடர், கபிலர், பரணர் என்னும் சங்கப்புலவர் பெயர்களோடு தேவ நாயனார் என்னும் சொற்கள் சேர்ந்து நிற்கின்றன. சங்கத்துக் கபிலர் பறம்புமலைப் பாரியின் உயிர்த்தோழர், குறிஞ்சிப்பாட்டின் ஆசிரியர். கபிலதேவ நாயனாரோ மூத்தநாயனாராகிய பிள்ளையார்மேல் இரட்டைமணிமாலை பாடியவர். சங்கச் செய்யுள்களிலே விநாயகர் வழிபாடு காணப்படுவதில்லை. இரட்டைமணிமாலையும் அந்தாதியுமாகிய பிரபந்த வகைகளும் பிற்காலத்தே பெருகியவை. எனவே இவ்விருவரும் வேறானவர் எனக் கோடலே பொருத்தமாம். கல்லாடர் என்னும் பெயரோ சங்கப்புலவர், திருமுறையாசிரியர், கல்லாடம் என்னும் நூலின் ஆசிரியர், தொல்காப்பிய உரையாசிரியர் எனப் பல இடங்களிற் காணப்படும்.

நக்கீரர் திறத்தில் ஒரு நுட்பம் உண்டு. திருமுருகாற்றுப்படை பத்துப்பாட்டிலும் உள்ளது, பதினோராந்திருமுறையிலும் உள்ளது. அதனை நெடுநல்வாடை பாடிய நக்கீரருக்கே உரியதென்பாரும், பிற்பட்ட ஒருவருக்கு உரியதென்பாரும் உளர். இத்தகைய இடத்தில் ஆசிரியர் ஒரு கட்சியை முடிந்த முடிபாகக் கூறாது, இருதிறத்தார் கொள்கையையும் மேல்வகுப்பு மாணாக்கருக்கு எடுத்துரைத்தலே நேர்மை. இறையனார் களவியலுக்கு நக்கீரர் உரைகண்டார் என்ப. அவ்வுரையோ, தான் நக்கீரர் முதலாக ஆசிரிய பரம்பரையாற் செவிவழி வந்து முசிறி ஆசிரியர் நீலகண்டனாரை அடைந்ததென்று தானே கூறுகின்றது. ஆக, நீலகண்டர் என்னும் பெயருடையார் இன்னுமொருவர் ஈண்டுத் தோன்றுகின்றார். இவரைக் குயவனாரோடேனும் பாணனாரோடேனும் மயக்கற்க.

பட்டினத்தார்: கோயில் நான்மணிமாலை, திருவிடைமருதூர் மும்மணிக்கோவை முதலிய ஐந்து பிரபந்தங்களை அருளிய பட்டினத்துப்பிள்ளையார் பதினோராந்திருமுறையில் உள்ளார். உலகவாழ்வை வெறுத்தும் உடம்பை இழித்தும் எளிய சொல்லாற் பாடி, பத்திரகிரியாரோடு சேர்த்துப் பேசப்படும் பட்டினத்தார் பிற்பட்டவர். முன்னவருடைய நடை திருமுறை நடை. பின்னவருடையது சித்தர் பாடல்களை ஒத்த நடை. இரு நூலையும் அருகருகே வைத்து வாய்விட்டு ஓதின், செவியே வேறுபாட்டைக் கூறும்.

இங்ஙனம் பகுத்தால் அடியார் பெருமை குறையுமே என்று பக்தியுடைய முதியோர் சிலர் எம்மிடம் வருந்தியதுண்டு. "மாஸ்டர், நீங்கள் ஔவைப்பாட்டியைக் கூறுபோடுகிறீர்கள்" என்று ஒருவர் கடிந்துங்கொண்டார். அவர் வருத்தம் உண்மையானது. யாம் அதனை இகழோம். ஆனாற் கூறுபோடுதல் வேறு, மறைந்து நின்றவரை வெளிப்படுத்துதல் வேறு. ஔவையார் ஒருவரென்றால் நமக்கு ஒருவரே. பலரென்றாற் கல்வியிற் சிறந்த பெண்மணிகள் பலர். செல்வம் பெருகுகின்றதேயன்றிக் குறைவதில்லை. இப்பகுப்பு மேனாட்டார் கொண்டுவந்த ஐயவுணர்ச்சி என்பாரும் உளர். திருத்தொண்டத்தொகையை ஓதுவார் அங்ஙனம் கூறார்.

ஒருபெயர்ப் பலரை ஒருவராக்குதல் பிழையாதல்போலவே, பலபெயர் ஒருவரைப் பலராக்குதலும் பிழையாம். மருணீக்கியார், தருமசேனர், திருநாவுக்கரசர், அப்பர், வாகீசர் என்பன ஒருவர் பெயரே. பெரியபுராணத்துக் கழறிற்றறிவாரும், பதினோராந்திருமுறையிலே பொன்வண்ணத்தந்தாதி அருளிய சேரமான்பெருமாளும் ஒருவரே. ஆதலாற் பெயர் ஒன்றாயின் ஆள் ஒன்றென்றும், பெயர் வேறாயின் ஆள் வேறென்றும் விரையற்க. ஐந்து வினாக்களையுங் கேட்டுத் துணிக.

இது பழங்காலத்தார்க்கு மாத்திரம் உரிய தொல்லையென்று எண்ணவேண்டா. நம் இலங்கையிலேயே அண்மைக்காலத்தவர் இருவர் இருவராக நிற்கின்றனர். யாழ்ப்பாணத்துக் கதிரைவேற்பிள்ளை அகராதி என்று ஒருவர் கூறின், எந்தக் கதிரைவேற்பிள்ளை என்று கேட்கவேண்டும். ஒருவர் உடுப்பிட்டி கு. கதிரைவேற்பிள்ளை (1829-1904), அவர் தொகுத்த அகராதியை மதுரைத் தமிழ்ச்சங்கம் அவர் மறைந்தபின் வெளியிட்டது. மற்றவர் மேலைப்புலோலி நா. கதிரைவேற்பிள்ளை, சென்னையிலே தமிழாசிரியராய் விளங்கித் திரு. வி. கலியாணசுந்தரனாருக்குக் கற்பித்தவர், 1907ஆம் ஆண்டில் மறைந்தவர். இருவரும் வடமராட்சியார், இருவரும் அகராதி செய்தவர். தலையெழுத்து ஒன்றே இருவரையும் பிரிக்கின்றது.

கண்டிப் பகுதியாராகிய நமக்கு இன்னும் அணித்தான எடுத்துக்காட்டு ஒன்று உண்டு. பேராதனையிலே தமிழ்ப் பேராசிரியராயிருந்த க. கணபதிப்பிள்ளை (1903-1968) கல்வெட்டுத் தமிழை ஆராய்ந்தவர். பேச்சுவழக்குத் தமிழில் நாடகங்கள் எழுதியவர். சங்கிலி என்னும் நாடகத்தின் ஆசிரியர். பண்டிதமணி சி. கணபதிப்பிள்ளை (1899-1986) யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலிச் சைவாசிரிய கலாசாலையிலே ஆசிரியர் பலரை ஆக்கியவர். இலக்கியவழியும் கந்தபுராண தட்சகாண்ட உரையும் செய்தவர். ஒரு காலத்தவர், ஒரு நாட்டவர், ஒரு மொழித்தொண்டினர். மாணாக்கனொருவன் தட்சகாண்ட உரையாசிரியர் நாடகமும் எழுதினாரென்று விடையெழுதின், அவனைக் கடியுமுன், கணபதிப்பிள்ளை என்று மாத்திரம் கரும்பலகையில் எழுதியவர் யாவர் என்று நாம் நம்மைக் கேட்டல் வேண்டும். தலையெழுத்தை விட்டெழுதும் சோம்பலே பல பிழைக்குத் தாய்.

பாடுவோர் திறத்திலும் இக்கவனம் வேண்டும். இக்காலத்து ஒலிப்பதிவுகளிலே தேவாரத்தைக் கேட்கும் சிறுவர், பாடிய ஓதுவார் பெயரையே அறிந்து, பதிகமும் அவருடையதென்று எண்ணிவிடுகின்றனர். ஓதுவிக்கும்போதெல்லாம் அருளியவர், தலம், பண் என்னும் மூன்றையுஞ் சொல்லித் தொடங்குக. தருமபுரத்திலே பாணனார் காத்த ஒழுக்கம் அதுவே.

வகுப்பிற் செய்யவேண்டிய பயிற்சி பின்வருமாறு:

1. மாணாக்கர் தம் வகுப்பில் அல்லது ஊரில் ஒரு பெயருடையார் இருவரைத் தெரிந்து, அவரை எவற்றால் வேறுபிரித்து அழைக்கின்றனரென எழுதுக.
2. திருநீலகண்ட நாயனார், திருநீலகண்ட யாழ்ப்பாண நாயனார், திருநீலநக்க நாயனார் மூவர்க்கும் ஊர், தொழில், திருத்தொண்டு என்பவற்றை நிரல்பட எழுதுக.
3. நல்வழி பாடியவர் சங்கத்து ஔவையாரல்லர் என்பதற்கு அந்நூலினின்றே ஒரு காரணங் காட்டுக.
4. திருநாவுக்கரசு சுவாமிகளுக்கு வழங்கும் பிற பெயர்களையும், அவை வந்த காரணங்களையும் கூறுக.
5. நூலகத்திற் சென்று, ஆசிரியர் பெயர் ஒத்த இரு நூல்களை எடுத்து, தலையெழுத்து, ஊர், ஆண்டு என்பவற்றால் வேறுபடுத்துக.

முதல் வினாவிலிருந்து தொடங்குதலே முறை. தம்மைப் பிறனொருவனாக எண்ணி அழைத்தால் வரும் மனநோவைச் சிறுவர் அறிவர். அந்நோவை அறிந்தவன், பாணனாரைக் குயவனாராக்கத் துணியான்.

அன்பர்களே, சுந்தரமூர்த்தி சுவாமிகள் அடியார் ஒவ்வொருவர்க்கும் தனித்தனியே அடியேன் என்று வணங்கினார். இருவரை ஒருவராக்குவோமாயின், அவ்வணக்கங்களுள் ஒன்று உரியவரைச் சேராது நின்றுவிடும். பறித்த கொழுந்து பறித்தவள் கணக்கிற் சேரவேண்டுமென்று நிறைகோலை உற்றுநோக்கும் பெற்றோரின் பிள்ளைகளுக்கு நாம் கற்பிக்கின்றோம். அவரவர் தொண்டை அவரவர் கணக்கிற் பதியும் கடமை நமக்கும் உண்டு. எமது பிழையைத் திருத்திய அம்முதியவர் இன்று இல்லை. அவர் பெயரையும் யாம் அன்று கேட்டுவைத்திலேம். அதுவும் எம் குறையே.